ஹார்ட்விக் லோமான் கனடாவிலிருந்து திரும்பிய நாள்

அவைக்குத் தலைமை தாங்கும், வேசர்க்கரைத் தோட்டச் சங்கத்தின் தலைவர் ஓல்ட்மன்ஸ் அவர்களே! பிரேமன் நகர நாடக அரங்கிலிருந்து வந்திருக்கும் மூத்த கலைஞர்களே! தொலைக்காட்சி நிலையத்தின் முன்மாலை நிகழ்ச்சிகளுக்குப் பொறுப்பு வகிக்கும், முதல் வரிசையில் அமர்ந்திருக்கும் டாக்டர் ஷ்டெஃபன் அவர்களே! மறைந்த பெருந்தகை ஹார்ட்விக் லோமானின் தங்கை அன்னெக்ரெட் அவர்களே! இந்தச் சங்கக் கட்டடத்தில் இடம் போதாமல் வெளியே ஆப்பிள் மரம் வரைக்கும் நின்றுகொண்டிருக்கும் ரசிகப் பெருமக்களே! உங்கள் எல்லோருக்கும் கனத்த நெஞ்சோடு வணக்கம் சொல்கிறேன்.

காப்பியும் வெண்ணெய்க் கேக்கும் தயாராக இருக்கின்றன. தலைவர் எனக்குப் பதினைந்து நிமிடம் ஒதுக்கியிருக்கிறார். தோட்டச் சங்கத்தில் பதினைந்து நிமிடம் என்றால் பதினைந்து நிமிடம்தான், வேலிச்செடியின் உயரம் ஒரு மீட்டர் இருபது என்றால் ஒரு மீட்டர் இருபதுதான் என்று மறைந்தவரே எனக்குச் சொல்லியிருக்கிறார். ஆனாலும் இன்று நான் கொஞ்சம் வளர்ந்துவிடுவேன். வெட்டிவிடாதீர்கள், ஓல்ட்மன்ஸ் அவர்களே.

நான் கெசினே ராடெமாகர். இந்தப் பெயர் உங்களில் பாதிப் பேருக்குத் தெரியாது. ஹெல்கா கெஸ்லிங் என்றால் எல்லோருக்கும் தெரியும். 'கெஸ்லிங் டிரைவிங் ஸ்கூல்' என்ற தொடரில் பதினான்கு ஆண்டுகள் நான் ஹார்ட்விக் லோமானுக்கு மனைவியாக வாழ்ந்தேன். அடுத்த பதினேழு ஆண்டுகள் அவர் வருவார் என்று எதிர்பார்த்து வாழ்ந்தேன். எல்லாம் திரையில்தான். என் சொந்தக் கணவர் மூன்றாவது வரிசையில் கறுப்பு டை கட்டி உட்கார்ந்திருக்கிறார். முப்பத்தோரு ஆண்டுகளாக இதைப் பொறுத்துக்கொண்ட அவருக்கும் என் வணக்கம்.

நான் அழுதுவிட்டுப் போக மட்டும் வரவில்லை. லோமான் அவர்கள் கடைசியாக நடித்த காட்சி ஒன்று பெட்டியில் கிடக்கிறது. நான்கு நிமிடம் பத்து நொடி. அது உங்கள் கண்ணுக்கு வருமா வராதா என்பது இன்னும் முடிவாகவில்லை. அதைப் பேசாமல் நான் இந்த மேடையை விட்டு இறங்கப்போவதில்லை.

யார் இந்த ஹார்ட்விக் லோமான்? செய்தித்தாள்கள் நான்கு வரி எழுதின. நான்கு வரியில் அடங்குகிற மனிதரா அவர்? பதினொரு திரைப்படங்கள்! அவற்றில் ஆறில் அவர் பிரஷ்ய ராணுவ அதிகாரி. அந்த ஆறு படங்களிலும் நிமிர்ந்த முதுகோடு போனார், ஆறு போர்களிலும் தோற்றார். தொலைக்காட்சியின் ஞாயிற்றுக்கிழமைக் காதல் படங்களில் நான்கு முறை ஆங்கிலப் பிரபு. கடற்கரை மாளிகையில் நின்றுகொண்டு, சுத்தமான வடஜெர்மன் உச்சரிப்பில், மகளின் காதலை எதிர்த்தார். துப்பறியும் தொடர்களில் ஒன்பது முறை, விடியற்காலையில் நாயோடு உலாவப் போய் ஆற்றோரம் பிணத்தைக் கண்டெடுப்பவர். ஒன்பது பிணம், ஒன்பது நாய், ஒரே மழைக்கோட்டு! நம் காவல்துறைக்கு ஒரு முறைகூட அவர்மேல் சந்தேகம் வரவில்லை. அப்படி ஒரு முகம்!

ஒருநாள் படப்பிடிப்பு இடைவேளையில் நானே அவரிடம் கேட்டேன்.

"இந்த நாய்க்காரர் வேஷத்தைப் போய் எதுக்குங்க திரும்பத் திரும்ப ஒத்துக்கிறீங்க?"

"அந்தக் காட்சியில நாய்தான் நடிக்குதுன்னு எல்லாரும் நினைக்கிறாங்க, ராடெமாகர் அம்மா. நாய் என் பாக்கெட்டுல இருக்கற தொத்திறைச்சியைத்தான் பாக்குது. பிணத்தைப் பாக்கறவன் நான் ஒருத்தன்தான்."

இதுதான் லோமான்! இரண்டு நிமிட வேடமா? அதிலும் பிணத்தைப் பார்த்தவர் அவர் ஒருவர்தான்!

பிறகு அவருக்கு எங்கள் தொடரின் ரோல்ஃப் கெஸ்லிங் வேடம் வந்தது. முன்மாலை ஆறு ஐம்பதுக்கு, பதினான்கு ஆண்டுகள், இந்த நாட்டுக்கே வண்டி ஓட்டக் கற்றுக்கொடுத்தார். கிளட்சை மெதுவாக விடச் சொன்னார், கண்ணாடியைப் பார்க்கச் சொன்னார், தோளுக்கு மேல் திரும்பிப் பார்க்கச் சொன்னார். அவருக்கு ஓட்டுநர் உரிமம் கிடையாது. தேர்வுக்கே போனதில்லை. வண்டியை ஒரு சக்கரமேடையில் ஏற்றி லாரி இழுத்துக்கொண்டு போகும். அவர் உள்ளே உட்கார்ந்து பிரேக்கை மிதிப்பார். 'உங்களைப் பார்த்தே கற்றுக்கொண்டு முதல் தடவையிலேயே தேறிவிட்டேன்' என்று லூனெபுர்க்கிலிருந்து ஒரு பெண்மணி எழுதினார். 'மகிழ்ச்சி. நிதானமாக ஓட்டுங்கள். நான் பேருந்தில்தான் போகிறேன்' என்று கைப்பட பதில் எழுதினார். வந்த கடிதம் ஒவ்வொன்றுக்கும் கைப்பட எழுதினார். இன்று யார் எழுதுகிறார்கள்?

அவருடைய கண்ணியத்துக்கு ஒரு சாட்சி சொல்கிறேன். திரையில் நாங்கள் நீ, வா, போ. திரைக்கு வெளியே பதினான்கு ஆண்டுகளும் நீங்கள்தான். நூறு முறைக்கு மேல் ஒரே கட்டிலில், ஒரே போர்வைக்குள் படுத்திருக்கிறோம். இயக்குநர் கட் சொன்ன மறுநொடி, "மன்னிக்கணும், என் முழங்கை உங்க மேல பட்டுச்சா?" என்று கேட்பார். நூறு முறைக்கு மேல் கேட்டிருக்கிறார். ஒரு முறைதான் பட்டது.

அப்படிப்பட்டவரைக் கனடாவுக்கு அனுப்பினார்கள்.

குற்றம் சொல்லவில்லை. அவரேதான் ஆறு மாத விடுப்புக் கேட்டார். இதே பிரேமன் நகர அரங்கில் ஒரு பெரிய வேடம் அவருக்கு வந்தது. இரண்டரை மணி நேரம் மேடையை விட்டு இறங்காத வேடம். அறுபத்தோராவது வயதில் ஒரு நடிகனுக்கு அது வந்தால் விடுவானா? எழுத்தாளர்கள் கூடிப் பேசினார்கள். ஆறு மாதம் ஆளைக் காணோம் என்றால் காரணம் வேண்டும். உடனே ரோல்ஃபுக்குக் கனடாவில் ஓர் அண்ணன் முளைத்தார். பதினான்கு ஆண்டுகளாக அந்த வீட்டில் யார் வாயிலும் வராத அண்ணன்! அவருக்கு மரம் அறுக்கும் ஆலை ஒன்றும் வந்தது. வந்த வேகத்திலேயே கால் முறிந்தது. தம்பி உதவிக்குப் போனார். பெட்டியை எடுத்துக்கொண்டு வாசலில் நின்று, "ஆறே மாசம், ஹெல்கா" என்றார். கதவு சாத்திக்கொண்டது.

அந்தக் கால் பதினேழு ஆண்டுகள் ஆறவில்லை. மருத்துவ வரலாற்றில் இவ்வளவு பிடிவாதமான கால் வேறு இருந்திருக்காது.

இந்தப் பதினேழு ஆண்டுகளும் நான் என்ன செய்தேன்? மாதம் ஒரு முறை கனடாவோடு தொலைபேசியில் பேசினேன். படப்பிடிப்புத் தளத்துத் தொலைபேசி உங்களுக்குத் தெரிந்திருக்காது. அதன் கம்பி சுவருக்குப் பின்னால் ஒரு முழம் போய் நின்றுவிடும். மறுமுனையில் யாரும் இல்லை. எனக்கு எழுதித் தந்தது என் பக்கத்துப் பேச்சு மட்டும். 'அப்படியா?' 'அண்ணன் கால் எப்படி இருக்கு?' 'இங்கயும் மழைதான்.' நடுவில் அவர் என்ன சொல்லியிருப்பார் என்று யோசித்து அந்த நேரத்தை விடுவேன். அவர் குரல் எனக்குத் தெரியும், அவர் எந்த இடத்தில் மூச்சு வாங்குவார் என்று தெரியும். காதில் பிளாஸ்டிக்கை வைத்துக்கொண்டு அதைக் கேட்பேன். இயக்குநர்களுக்கு அது பிடிக்கவில்லை.

"மேடம், இடைவெளி ஏழு நொடி போகுது. டிவி கெட்டுப்போச்சுன்னு ஜனங்க எழுந்து தட்டப் போறாங்க."

"அவர் நீளமா பேசுறார். நான் என்ன பண்ண?"

"யாருங்க?"

"ரோல்ஃப்."

இயக்குநர் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு மூன்று நொடி என்று குறித்துக்கொண்டு போனார்.

ஒவ்வொரு ஜனவரியிலும் எழுத்தாளர் கூட்டம் நடக்கும். ஒவ்வொரு ஜனவரியிலும் நான் அதே கேள்வியோடு போவேன்.

"ரோல்ஃப் எப்பங்க வர்றார்?"

"லோமான் தடை கொடுத்திருக்கார், மேடம். வர முடியாதாம்."

"இந்த வருஷமும் தடையா?"

"இந்த வருஷமும்தான்."

நான் என்ன நினைத்தேன்? நாடக மேடையில் பெரிய வேடம் ஏற்றுவிட்டவருக்கு எங்கள் தொடரின் சமையலறை சின்னதாகிவிட்டது என்று நினைத்தேன். நான் ஹாம்பர்க்கில் வளர்ந்தவள். ஒருவர் வரவில்லை என்று சொன்னால், ஏன் என்று கேட்பது அங்கே மரியாதை ஆகாது. கிறிஸ்துமஸுக்கு அட்டை அனுப்புவேன். 'அமைதியான பண்டிகை நாள்கள் அமைய வாழ்த்துகள், கெசினே ராடெமாகர்.' அவரும் அனுப்புவார். 'தங்களுக்கும் அவ்வாறே, ஹார்ட்விக் லோமான்.' பதினேழு அட்டை அங்கிருந்து, பதினேழு அட்டை இங்கிருந்து. ஹாம்பர்க்குக்கும் அவர் இருந்த பிரேமனுக்கும் நடுவில் ஒரு மணி நேர ரயில் தூரம். ரயில்வே மனம் வைக்காத நாளில் இரண்டு மணி நேரம்.

சென்ற இலையுதிர் காலத்தில், தொடரை முடித்துவிடுவது என்று நிலையம் முடிவெடுத்தது. தயாரிப்பு அலுவலகத்தைக் காலி செய்தார்கள். அங்கே கால அட்டவணை பார்க்கும் டிட்மர் அம்மையார் ஒரு கோப்போடு என் ஒப்பனை அறைக்கு வந்தார். இங்கே ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். டிட்மர் அம்மையார் இருபத்தெட்டு ஆண்டுப் பணியில் ஒரு நடிகரையும் தவறான நாளில் வரவழைத்ததில்லை. அவரைக் குறை சொல்ல இந்த அவையில் எவருக்கும் தகுதி இல்லை.

"லோமான் சார் ஃபைல் இது. குப்பையில போடவா, நீங்க வச்சுக்கிறீங்களா?"

திறந்தேன். பதினேழு கடிதங்கள். ஒவ்வொன்றும் ஜனவரி இரண்டாம் தேதியிட்டது. எங்கள் தொழிலில் இதைத் தடைநாள் கடிதம் என்போம். வருட ஆரம்பத்தில் நடிகர்கள் தயாரிப்பாளருக்கு எழுதுவது. இன்னின்ன நாளில் எனக்கு வேறு வேலை, வர இயலாது, மற்ற நாளெல்லாம் கூப்பிடுங்கள் என்பது அதன் பொருள். ஒழுங்கான நடிகர்கள் எல்லோரும் எழுதுவார்கள். லோமான் அவர்கள் ஒழுங்கிலும் ஒழுங்கு. அதில் ஒன்றை உங்களுக்குப் படித்துக் காட்டுகிறேன்.

'பெருமதிப்புக்குரியீர், வரும் ஆண்டில் என் தடைநாள்கள் பின்வருமாறு. மே பன்னிரண்டு, காலை பத்து மணி வரை, தோட்டச் சங்கப் பொதுக்குழு. செப்டம்பர் கடைசிச் சனி, அறுவடை விழா. ஆண்டின் ஏனைய நாள்கள் அனைத்தும், ஞாயிறு உட்பட, தங்கள் வசம். ரோல்ஃபின் மீசையை அப்படியே வைத்திருக்கிறேன். மரியாதையுடன், ஹார்ட்விக் லோமான்.'

நண்பர்களே! பெருமக்களே! ஆண்டின் ஏனைய நாள்கள் அனைத்தும்! பதினேழு முறை!

"டிட்மர் அம்மா, இதுக்கு என்னன்னு குறிச்சீங்க?"

"படிவத்துல ஒரு கட்டம் இருக்குங்க. தடை உண்டா? ஆம், இல்லை. தடைநாள் கடிதம் வந்திருக்கு. அப்போ ஆம்னுதானே போடணும்?"

"எத்தனை நாள்னு போட இடமில்லையா?"

"கட்டம் ஒண்ணுதான் இருக்கு." அப்புறம் அவரே கடிதத்தை வாங்கிப் படித்தார். உட்கார்ந்துவிட்டார். "கடிதமே அனுப்பாம இருந்திருந்தா இல்லைன்னு போட்டிருப்பேனே! அடுத்த வாரமே வந்திருப்பாரே! ஐயோ, இந்த மனுஷன் ஏன் இவ்வளவு ஒழுங்கா இருந்தார்?"

இந்தக் கேள்விக்கு இந்த நாட்டில் பதில் சொல்ல யாருக்குத் தெரியும்?

மறுநாள் காலை ரயிலில் பிரேமன் வந்தேன். அவர் இதோ இந்தச் சங்கம் அவருக்கு வாடகைக்கு விட்டிருந்த முப்பத்தாறாம் எண் தோட்டத்தில், கையில் அளவுகோலோடு, வேலிச்செடி முன்னால் குனிந்து நின்றிருந்தார். மீசை அப்படியே இருந்தது. வெளுத்திருந்தது, அவ்வளவுதான். பதினேழு ஆண்டுகளுக்குப் பின் அவர் என்னிடம் பேசிய முதல் பேச்சு இது.

"வாங்க, ராடெமாகர் அம்மா. காலைப் பாத்து வைங்க, அங்க கீரை போட்டிருக்கேன்."

கடிதங்களை நீட்டினேன். "இதெல்லாம் நீங்க எழுதினதுதானே?"

"ஆமா. ஏதாவது தப்பா எழுதிட்டேனா?"

"வருஷா வருஷம் நீங்க வர முடியாதுன்னு சொன்னதா குறிச்சு வச்சிருக்காங்க."

கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு படித்தார். மறுபடி துடைத்துக்கொண்டு மறுபடி படித்தார்.

"மே மாசம் பன்னெண்டாம் தேதியும் அறுவடை விழாவும் மட்டும்தானே வர முடியாதுன்னேன்?"

"ஆமா."

"பன்னெண்டாம் தேதிகூட பத்து மணி வரைக்கும்தான். மத்தியானம் வந்திருப்பேனே."

கோபப்பட்டாரா? இல்லை. அளவுகோலை மடக்கிப் பையில் வைத்தார். எனக்குத்தான் தாங்கவில்லை.

"ஒரு போன் பண்ணியிருக்கக் கூடாதா நீங்க?"

"நீங்க பண்ணியிருக்கலாமே."

"நீங்க வேணாம்னுட்டீங்கன்னு நினைச்சேன்."

"உங்களுக்கு வேணாம்னு நான் நினைச்சேன்."

அப்போது அன்னெக்ரெட் காப்பித் தட்டோடு தோட்டக் குடிலிலிருந்து வெளியே வந்தார். "ரொம்ப நல்லா நினைச்சீங்க, போங்க ரெண்டு பேரும்! ராடெமாகர் அம்மா, இவர் பண்றது தெரியுமா உங்களுக்கு? நீங்க டிவியில அந்தப் போனை எடுத்தா, இவர் இங்க சோபாவில உக்காந்து பதில் சொல்றார். பதினேழு வருஷமா! பக்கத்துல நான் இருமக் கூடாது, கரண்டிச் சத்தம் வரக் கூடாது."

"அன்னெக்ரெட், போதும்."

"என்ன போதும்? பக்கத்துத் தோட்டத்துக்காரர் உங்களுக்குக் கனடாவுல நெஜமாவே யாரோ இருக்காங்கன்னு நினைச்சிட்டிருக்கார்!"

லோமான் அவர்களுக்குக் காது சிவந்துவிட்டது. என்னை நேராகப் பார்க்காமல் சொன்னார். "போன நவம்பர்ல நீங்க என்னைப் பேசவே விடலை. கால் எப்படி இருக்குன்னு கேட்டீங்க. நான் வாயைத் திறக்கறதுக்குள்ள 'சரி, வச்சிடறேன்'னுட்டீங்க."

"டைரக்டர் மூணு நொடிதான் கொடுத்தார்."

"எனக்கு ஏழு வேணும். கனடாவுலேர்ந்து குரல் வரணும் இல்லையா?"

அவையோரே! ஆளில்லாத தொலைபேசி என்று நினைத்து நான் பேசினேனே, அதன் மறுமுனையில் ஆள் இருந்தார்! நான் நிறுத்திய இடமெல்லாம் பிரேமனில் ஒருவர் பேசிக்கொண்டிருந்தார். நான் கற்பனை செய்த பதில் வேறு, அவர் சொன்ன பதில் வேறாக இருந்திருக்கும். என்னதான் சொன்னீர்கள் என்று கேட்டேன். "பெருசா ஒண்ணுமில்ல. மழை பத்தித்தான்" என்றார். அன்னெக்ரெட் காப்பிக் கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அன்று அவரிடம் நான் கேட்கவில்லை. இனியும் கேட்கமாட்டேன்.

எழுத்தாளர்களிடம் போனேன். அக்டோபர் பதினான்காம் தேதி ஒளிபரப்பாகவிருக்கும் கடைசிக்கு முந்திய பகுதியில் ரோல்ஃப் வீட்டுக்கு வருகிறார் என்று ஒரு காட்சி எழுதினார்கள். பிப்ரவரியில் படப்பிடிப்பு. எழுபத்தெட்டு வயதில், பேருந்திலும் ரயிலிலும் ஏறி, ஒன்றரை மணி நேரம் முன்னதாக வந்து நின்றார். வாசலில் டிட்மர் அம்மையார் காத்திருந்தார்.

"லோமான் சார், என்னை மன்னிச்சிடுங்க."

"நீங்க கட்டத்தைச் சரியாத்தான் நிரப்பியிருக்கீங்க, டிட்மர் அம்மா. கட்டம்தான் கொஞ்சம் சின்னது."

காட்சியில் அவருக்கு ஒன்றரைப் பக்க வசனம் இருந்தது. ஏன் வரவில்லை, அண்ணன், ஆலை, கால், மனசாட்சி, எல்லாம் அதில் இருந்தது. அவர் கதவைத் திறந்துகொண்டு வந்தார். பெட்டியைக் கீழே வைத்தார். நான் காப்பி ஊற்றினேன். உட்கார்ந்து வசனத்தை ஆரம்பிக்க வேண்டும். ஆரம்பிக்கவில்லை. காப்பியில் கரண்டி இல்லை. எழுந்து போய் அடுப்புக்கு இடப்பக்கத்து இழுப்பறையைத் திறந்தார். அவர் இருந்த பதினான்கு ஆண்டுகளும் கரண்டி அங்கேதான் இருந்தது. சமையலறையைப் புதுப்பித்தபோது மாற்றிவிட்டார்கள். இழுப்பறையில் தச்சருடைய ஆணிப் பெட்டியும் ஒட்டும் நாடாவும் கிடந்தன. அவர் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். நான் எண்ணவில்லை, ஏழு நொடி இருக்கும். எனக்கு எழுதித் தராத வார்த்தை என் வாயில் வந்தது.

"அது இப்ப ஜன்னல் பக்கம்."

"எப்போ மாத்தின?"

"ஒம்பது வருஷமாச்சு."

"போன்ல சொல்லவே இல்லையே."

போனார், ஜன்னல் பக்கத்திலிருந்து ஒரு கரண்டி எடுத்தார், உட்கார்ந்து கலக்கினார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒன்றரைப் பக்கத்தில் ஒரு வரியும் அவர் பேசவில்லை. இயக்குநர் கட் சொன்னார். "பிரமாதம், சார். ஆனா வசனம் விட்டுப்போச்சு. இன்னொரு தடவை போலாமா?"

"தாராளமா. ஆனா மறுபடியும் நான் இடது பக்கம்தான் தேடுவேன். எனக்கு அந்த வீடு அப்படித்தான் தெரியும்."

இன்னொரு தடவை போகவில்லை. விளக்குப் பிடிப்பவர் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தார். ஐம்பத்தைந்து ஆண்டுக் கலைவாழ்வில், ஆறு போரில் தோற்று, ஒன்பது பிணம் கண்டெடுத்த அந்த மாபெரும் நடிகரின் உச்சம் எது என்று யாராவது என்னைக் கேட்டால், ஒரு மனிதர் தன் வீட்டில் கரண்டி தேடி நின்ற அந்த இடம் என்றுதான் சொல்வேன்!

ஏப்ரல் ஒன்பதாம் தேதி அவர் தூக்கத்திலேயே போய்விட்டார். பதினொரு நாள் கழித்து நிலையத்திலிருந்து எனக்கு ஒரு கடிதம் வந்தது. மறைந்த ஒருவர் உயிரோடு வீடு திரும்பும் காட்சி முன்மாலைப் பார்வையாளர்களின் மனத்தை வருத்தக்கூடுமாம். ஆகவே அந்தக் காட்சியை எடுத்துவிட்டு, ரோல்ஃப் கனடாவிலேயே தங்கிவிட முடிவு செய்ததாக ஒரு சிறு காட்சியைப் படமாக்க ஆலோசிக்கிறார்களாம். வரும் செவ்வாய், காலை ஒன்பது மணி. நான் தொலைபேசியை எடுத்து, 'அப்படியா? சரி' என்று சொல்ல வேண்டும்.

டாக்டர் ஷ்டெஃபன் அவர்களே, நீங்கள் நல்ல மனிதர். மலர்வளையத்தோடு வந்திருக்கிறீர்கள். அந்தக் காட்சியை நீங்கள் இரண்டு முறை போட்டுப் பார்த்ததாகவும், இரண்டாம் முறை அறைக்கதவைச் சாத்திக்கொண்டதாகவும் கேள்விப்பட்டேன். உங்கள் கவலை எனக்குப் புரிகிறது. உங்கள் நிலையம் எட்டேகால் மணிக்கு மேல் துப்பறியும் தொடர்களில் ஒரு வாரத்தில் பத்துப் பன்னிரண்டு பேரைக் கொல்கிறது. அதைப் பார்த்துவிட்டு மக்கள் நிம்மதியாகத் தூங்குகிறார்கள். ஒருவர் வீட்டுக்கு வந்து காப்பி குடிப்பதைப் பார்த்தால் அவர்கள் மனம் தாங்காது என்கிறீர்கள். இருக்கலாம். தாங்காமல் போகட்டுமே! பதினேழு ஆண்டுகளாகத் தெருவில், கடையில், பல் மருத்துவரின் நாற்காலியில் என்னை நிறுத்தி, "எப்பம்மா வர்றார் அவர்?" என்று கேட்டவர்கள் இவர்கள்தானே? இவர்களுக்கு என்ன பதில் சொல்லப்போகிறோம்? வந்தார், நாங்கள்தான் வெட்டி எறிந்தோம் என்றா?

இன்னொன்றும் இருக்கிறது. இத்தனை ஆண்டும் நான் அந்தத் தொலைபேசியை எடுத்தபோது, எனக்குத் தெரியாமலேயே மறுமுனையில் ஒருவர் இருந்தார். செவ்வாய்க்கிழமை இருக்கமாட்டார். நான் மூன்று நொடி விட்டாலும் ஏழு நொடி விட்டாலும் பிரேமனில் அந்தச் சோபாவில் யாரும் வாய் திறக்கப்போவதில்லை. இது தெரிந்த பிறகு அதை எப்படிக் காதில் வைப்பேன்? மாட்டேன். செவ்வாய்க்கிழமை நான் வரமாட்டேன். புதன்கிழமையும் வரமாட்டேன். இது என் உறுதிமொழி. ஹார்ட்விக் லோமான் தன் கடைசி வேலையை முடித்துக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். அதை மக்கள் முன்னால் கொண்டுபோய்ச் சேர்ப்பது மீதமிருக்கும் எங்கள் வேலை. நான் செய்வேன். எழுத்தாளர்கள் செய்வார்கள், கையெழுத்திட்டுக் கொடுத்திருக்கிறார்கள். டிட்மர் அம்மையார் ஓய்வு பெற்ற பிறகும் ஒரு வாரம் கூடுதலாக வந்து உட்காரத் தயார் என்கிறார்.

நம் வழக்கப்படி இப்போது எழுந்து நின்று ஒரு நிமிடம் மௌனம் காக்க வேண்டும். தலைவர் அனுமதித்தால் ஒரு சிறு மாற்றம். அந்த நான்கு நிமிடம் பத்து நொடி அப்படியே, ஒரு நொடிகூட வெட்டாமல் ஒளிபரப்பாக வேண்டும் என்று விரும்புகிறவர்கள் மட்டும் எழுந்தால் போதும். மற்றவர்கள் உட்கார்ந்தபடியே அஞ்சலி செலுத்தலாம். நாற்காலிகள் சங்கத்துடையவை, அவசரமில்லை.

அன்னெக்ரெட், நன்றி. ஓல்ட்மன்ஸ் அவர்களே, நன்றி. பின்வரிசை நண்பர்களே, மெதுவாக, மெதுவாக, நாற்காலிச் சத்தம் வேண்டாம். ஆப்பிள் மரத்தடியில் இருப்பவர்கள் ஏற்கெனவே நிற்கிறீர்கள், உங்களை எப்படிக் கணக்கில் எடுப்பது? கை தூக்குகிறீர்கள். நல்லது. எல்லோருமா? என் கணவர்கூடவா?

டாக்டர் ஷ்டெஃபன் அவர்களே, உங்களுக்கு முழங்கால் வலி என்று தெரியும். ஒன்றும் அவசரமில்லை. நாங்கள் நின்றுகொண்டே காத்திருக்கிறோம். இவ்வளவு ஆண்டு காத்திருந்தவர்களுக்கு இது ஒரு நேரமா?

பக்கத்திலிருப்பவர் கொஞ்சம் கை கொடுங்கள் அவருக்கு.

நன்றி, டாக்டர். அக்டோபர் பதினான்காம் தேதி, மாலை ஆறு ஐம்பதுக்கு ரோல்ஃப் வீட்டுக்கு வருகிறார்.